கோத்தகிரியிலிருந்து காங்கேசன்துறைக்கு: இரண்டு முறை போய் வந்தபின்

1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இலங்கைத் தேயிலைத் தோட்டத் தமிழரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேரை இலங்கைக்கு என்றும் பிரித்தது. என் அப்பாயி (அப்பாவின் அம்மா) இந்தப் பக்கம் விழுந்தார், அவர் தங்கை அந்தப் பக்கம். தலைமன்னாரில் ‘இராமானுஜம்’ கப்பலேறி வந்து, மண்டபம் முகாமில் தங்கி, கோத்தகிரியில் கொழுந்து பறித்தார் அப்பாயி. சின்ன அப்பாயி இன்றும் இலங்கை மலையகத்தில், அட்டனில்தான் இருக்கிறார்.

தங்கையைப் பார்க்க விமானம் ஏற அப்பாயிக்கு மனமில்லை. நாகப்பட்டினத்திலிருந்து யாழ்ப்பாணத்துப் பக்கத்துக் காங்கேசன்துறைக்குப் போகும் கப்பல் 2023 அக்டோபரில் தொடங்கிச் சில நாட்களிலேயே நின்றுபோனது. 2024 ஆகஸ்டில் மறுபடி ஓடியதும் டிக்கெட் எடுத்துவிட்டேன். மலையிலிருந்து போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

கடல் ஏறத்தாழ நான்கு மணி நேரம்தான். அலுப்பெல்லாம் அதற்கு முன்பு. கோத்தகிரியில் முதல் பஸ் பிடித்தாலும் மேட்டுப்பாளையம், கோவை, திருச்சி, தஞ்சாவூர் என்று மாறி நாகப்பட்டினம் சேர இருட்டிவிடும். அங்கே அறை எடுத்தே ஆக வேண்டும். காலையில் பாஸ்போர்ட், சுங்கச் சோதனைக்கு வெகுமுன்பே வரச் சொல்கிறார்கள். ஸ்வெட்டரைப் பெட்டிக்குள் திணித்துவிடாதீர்கள்; கப்பலில் ஏசி உண்டு. கொண்டை ஊசி வளைவுகளில் வாந்தி எடுக்காத எனக்கே நடுக்கடலில் குமட்டியது. இரண்டு இட்லிக்கு மேல் வேண்டாம்.

முதல் தடவை ஊட்டி வர்க்கியை அட்டைப்பெட்டியில் கொண்டுபோனோம். அட்டனில் திறந்தபோது பாதி தூள். அடுத்த முறை அப்பாயியே பழைய பிஸ்கட் டின்னில் பருத்திப் புடவைத் துண்டு விரித்து, அடுக்குக்கு அடுக்கு துணி வைத்து மூடினார். ஒன்றுகூட உடையவில்லை.

அன்றே அட்டன் போய்விடலாம் என்று கணக்குப் போடாதீர்கள். யாழ்ப்பாணத்தில் இரவு தங்கி, கண்டிக்கு பஸ் ஏறி, அங்கிருந்து அட்டன் போவதுதான் வயதானவர்களுக்கு ஏற்றது.

ஐப்பசி, கார்த்திகையை விட்டுவிடுங்கள். 2024 நவம்பரில் வடகிழக்குப் பருவமழைக்கு நிறுத்திய கப்பல் 2025 பிப்ரவரியில்தான் திரும்ப ஓடியது. மற்ற மாதங்களிலும் கடல் கொந்தளித்தால் பயணம் ரத்தாகும். ஒருமுறை திருச்சி வரை வந்த பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது. அப்பாயி பஸ் நிலையப் பெஞ்சில் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் பேசவே இல்லை. வீடு திரும்பினோம். அன்றிலிருந்து முந்தைய நாள் உறுதிப்படுத்தாமல் மலை இறங்குவதில்லை.

சின்ன அப்பாயி இப்போது பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்திருக்கிறார். மாசியில் கப்பல் ஓடினால், அவரை அழைத்துவர அப்பாயியுடன் நாகப்பட்டினத்தில் நிற்பேன்.