ஸ்பிரிட் ஐலண்ட்: தொரமார வெரட்டுற கேம், ஆனா இதுல நம்ம ஆளுங்க எங்க?

போர்ட் கேம்னா நம்ம பக்கம் கேரமும் தாயமும் தான், மிஞ்சிப் போனா மொனோபொலி. அதனால ஸ்பிரிட் ஐலண்ட் பத்தி எழுதினா ஹட்டன் தலவாக்கலை பக்கம் எத்தன பேரு வாங்கப் போறீங்கனு தெரியல, ஆனா இலங்கை மலையகத்துல பொறந்தவங்க ஒரு தடவயாவது ஆடிப் பாக்க வேண்டிய கேம் இது.

2017ல வந்திச்சு, டிசைன் பண்ணினது ஆர். எரிக் ரூஸ். வழக்கமா இந்த மாதிரி கேம்ல நாம தான் கப்பல்ல போய் எறங்கி காட்ட வெட்டி ஊரக் கட்டி பாயிண்ட் எடுப்போம், இதுல அப்படியே தலகீழ். கற்பனையான ஒரு தீவு, அங்க டஹான்னு ஒரு சனம் காலங்காலமா குடியிருக்கு, நீங்க அந்தத் தீவோட ஆவி. ஆறு, மின்னல், நெழலு, கடல்னு பெரிய பெட்டியில எட்டு ஆவி இருக்கு, ஒவ்வொண்ணும் ஆடுற விதமே வேற. எல்லாரும் ஒரே கட்சி, ஒண்ணு முதல் நாலு பேர் வரைக்கும் ஆடலாம், தனியாவும் ஆடலாம்.

தீவப் புடிக்க வெள்ளக்காரன் வர்ற விதத்த தான் அழகா யோசிச்சிருக்காங்க. மொதல்ல கரையில ஒரு ஆளு வந்து நிப்பான், அடுத்த ரவுண்ட்ல அதே எடத்துல வீடு கட்டுவான், அதுக்கடுத்த ரவுண்ட்ல மண்ணயும் டஹானயும் சேத்து நாசமாக்குவான். எங்க கட்டுவான் எங்க நாசம் பண்ணுவான்னு முன்னாடியே தெரியும், ஆனா உங்க சக்தியில பாதி ஸ்லோ, அவன் வேலய முடிச்ச பொறகு தான் வேல செய்யும், அதனால இன்னிக்கு எரியுறத விட்டுட்டு நாளைக்கு எரியப் போறதப் பாக்கணும், அந்த எடத்துல தான் மண்டை காயும். நாசமான நெலத்துல ஒரு கருகல் விழும், ஏற்கனவே கருகுன எடத்துல திரும்ப விழுந்தா பக்கத்து நெலத்துக்கும் பரவும். இதப் பாத்தப்ப எனக்கு கோப்பி தான் ஞாபகம் வந்திச்சு, 1869ல நம்ம நாட்டுல எலையில துரு நோய் வந்து கோப்பித் தோட்டத்தயெல்லாம் காலி பண்ணிச்சே, ஆனா தொரமாரு மூட்டயக் கட்டல, தேயிலய நட்டாங்க. கேம்ல அப்படி இல்ல, வெள்ளக்காரனுக்குப் பயத்தக் கூட்டக் கூட்ட ஜெயிக்கிறது லேசாகும், கடசியில நகரத்த மட்டும் அழிச்சாலே போதும்னு வரும்.

இன்னொண்ணு, வெள்ளக்காரன் காயெல்லாம் வெள்ள பிளாஸ்டிக், டஹான் வீடும் ஆவிக் காயும் மரம். டஹான் வீடு பாக்க காளான் மாதிரி இருக்கும், எங்க வீட்டுல அதுக்குப் பேரே காளான் தான்.

ரெண்டாவது ஆட்டத்துல தங்கச்சி கேட்டா, "அண்ணே, இதுல நம்ம யாரு?" ஆவியும் இல்ல, டஹானும் இல்ல, கப்பல்ல வந்தோம் ஆனா தொரயும் இல்ல. வெள்ளக்காரன் கூட்டிட்டு வந்து காட்ட வெட்டச் சொன்ன சனத்துக்கு இந்தப் போர்ட்ல தனியா ஒரு காய் கெடயாது. பழகின பொறகு எதிரியா இங்கிலாந்து கார்ட வச்சு ஆடலாம், அதுல மொத லெவலே என்னனா, ஒப்பந்தக் கூலிகளுக்குக் காணி கெடைக்குது, அதனால வெள்ளக்காரன் இன்னும் வேகமாப் பரவுறான்! படிச்சிட்டு ரெண்டு பேரும் அப்படிச் சிரிச்சோம். நமக்கு 1948ல பிரஜாவுரிமையே போச்சு, காணி கத இன்னும் முடிஞ்ச பாடில்ல, தோட்டத்துல வரிசையாக் கட்டின லயக் காம்பிராவுக்கு காணி உறுதிப் பத்திரம் இல்ல. கேம்ல கூலிக்காரன் காணி வாங்கினா தீவுக்கு ஆபத்து, அவன் பக்கத்து ஞாயம் யாருக்கும் தெரியாது. பிராஞ்ச் அண்ட் கிளான்னு இதோட சேத்து ஆடுற ஒரு எக்ஸ்பான்ஷன் பெட்டி இருக்கு, அதுல பிரான்ஸ் தோட்டக் காலனியா வரும், அடிமைங்க கலகம் பண்ற கார்டும் அதுல உண்டு. அந்த அளவுக்கு யோசிச்ச ஆளு தான், இல்லேனு சொல்லல, ஆனாலும் கலகம் பண்றவன் ஒரு கார்டுல வந்துட்டுப் போறான், அவனா இருந்து ஆட வழியில்ல. கேமோட பெரிய கொற எனக்கு இது தான்.

மத்தபடி சில்லற கொறைங்க. ரூல்ஸ் புக் கனம், பெட்டியில ரெண்டு மணி நேரம்னு போட்டிருக்கத நம்பி ராத்திரி ஒன்பதுக்கு ஒக்காந்தா மொத ஆட்டம் முடியறப்ப விடிய வெள்ளென கொழுந்து எடுக்கப் போற அம்மாகிட்ட ஏச்சு வாங்க வேண்டியது தான். கார்டெல்லாம் இங்கிலீஷ், வாசிச்சு சொல்ல ஒருத்தர் வேணும். நம்ம ஊரு பனிக்கும் ஈரத்துக்கும் கார்ட் வளஞ்சிடும், கட்டாயம் கவர் போடுங்க. பக்கத்து டவுன் கடையில எல்லாம் கேட்டு அலையாதீங்க, வெளிநாட்டுல இருந்து வர்ற சொந்தக்காரங்ககிட்ட சொல்லி வைக்கிறது தான் வழி. இல்லேனா கம்ப்யூட்டர்ல, கேம் விக்கிற ஸ்டீம் தளத்துல இருக்கு, கணக்கெல்லாம் அதுவே பாத்துக்கும், ஆனா கரண்ட் கட்டானா அம்போ.

காசு யோசிக்கிறவங்களுக்கு 2022ல ஹொரைசன்ஸ்னு சின்ன பெட்டி ஒண்ணு வந்திருக்கு, அஞ்சு ஆவி, மூணு பேர் வரைக்கும், புதுசா பழகுறவங்களுக்கு அது தாராளம். ஆனா அதுல இங்கிலாந்து கார்ட் இல்ல, அந்தத் தொரய வச்சு சாத்தணும்னு ஆச உள்ளவங்க பெரிய பெட்டியவே வாங்குங்க.