சிங்கப்பூரைச் சைக்கிளில் சுற்ற மூன்று தடங்கள்: எதற்கு வழிகாட்டி வேண்டும், எதற்கு வேண்டாம்

சிங்கப்பூருக்கு வரும் உறவினர்கள், நண்பர்கள் இப்போதெல்லாம் ஒரே கேள்வியோடு வருகிறார்கள். வழிகாட்டியோடு சைக்கிளில் போய் சைனாடவுன், லிட்டில் இந்தியா, கம்போங் கிளாம் எல்லாம் பார்க்கலாமாமே, காசு கொடுத்துப் போகலாமா, இல்லை நாமே ஒரு சைக்கிளை எடுத்துக்கொண்டு சுற்றிவிடலாமா என்று. விளம்பரத்தில் என்ன பெயர் வைத்திருந்தாலும் நான் பார்த்தவரை இந்தச் சுற்றுகள் பெரும்பாலும் மூன்று பகுதிகளுக்குள் அடங்கிவிடும். சைனாடவுனும் தெலுக் ஆயரும் ஒன்று. வாட்டர்லூ ஸ்திரீட், கம்போங் கிளாம், தேக்கா என்று நாம் சொல்லும் லிட்டில் இந்தியா சேர்ந்தது இன்னொன்று. கிழக்கே ஜூ சியாட், காத்தோங் மூன்றாவது. மூன்றிலும் வழிகாட்டியோடும் போயிருக்கிறேன், தனியாகவும் போயிருக்கிறேன். என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: முதலாவதை நடந்து பாருங்கள், இரண்டாவதுக்கு வழிகாட்டிக்குக் காசு கொடுங்கள், மூன்றாவதை நீங்களே ஓட்டிக்கொள்ளுங்கள்.

சைனாடவுனில் கதைக்குப் பஞ்சமே இல்லை. சவுத் பிரிட்ஜ் ரோட்டில் ஸ்ரீ மாரியம்மன் கோயில். 1819-இல் பினாங்கிலிருந்து ராஃபிள்ஸோடு வந்து இறங்கிய நாராயண பிள்ளை 1827-இல் தொடங்கிவைத்தது. அங்கிருந்து நாலு எட்டு வைத்தால் சோழமண்டலக் கரையிலிருந்து வந்த சூலியா முஸ்லிம்கள் 1826-இல் நிறுவிய ஜாமிஆ சூலியா பள்ளிவாசல். பக்கத்துத் தெருக்களின் பெயர்களே டெம்பிள் ஸ்திரீட், பகோடா ஸ்திரீட், மாஸ்க் ஸ்திரீட். பகோடா என்றதும் சீனக் கோபுரம் என்று நினைத்துவிடாதீர்கள், நம் மாரியம்மன் கோயில் கோபுரத்தை வைத்து வந்த பெயர் அது. அதே ரோட்டில் இன்னும் கொஞ்சம் போனால் 2007-இல் திறந்த புத்தர் பல் ஆலயம்.

ஆனால் எனக்கு இந்தப் பகுதியில் உயிரே தெலுக் ஆயர் ஸ்திரீட்தான். ஒரே தெருவில் தியான் ஹோக் கெங் சீனக் கோயில், நாகூர் தர்கா, அல் அப்ரார் பள்ளிவாசல், ஒரு மெத்தடிஸ்ட் தேவாலயம். இத்தனையும் ஒரே இடத்தில் ஏன் என்று கேட்டால் பல வழிகாட்டிகள் மத நல்லிணக்கம் என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுவார்கள். உண்மையான காரணம் கடல். இப்போது நாலாபுறமும் வானளாவிய கட்டடங்கள் நிற்கும் இந்தத் தெரு, 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கடலைத் தூர்க்கும் வரை கடற்கரை. கப்பலிலிருந்து உயிரோடு இறங்கிய சீனர்கள் கடல் தெய்வமான மாட்ஸுவுக்கு நன்றி சொல்லக் கோயில் கட்டினார்கள், 1839-இல் தொடங்கி 1842-இல் முடித்தார்கள். நம் கரையிலிருந்து வந்த முஸ்லிம்கள், கடலில் தத்தளிப்பவர்களைக் காப்பவர் என்று அவர்கள் நம்பிய நாகூர் ஷாகுல் ஹமீது ஆண்டகையின் நினைவாக 1828 முதல் 1830 வரை தர்கா எழுப்பினார்கள். இரண்டு கூட்டமும் ஒரே பயத்தோடு வந்து ஒரே மணலில் கால் வைத்தவர்கள், அதனால்தான் இரண்டு வாசலும் ஒரே தெருவைப் பார்த்து நிற்கின்றன. அல் அப்ராருக்குத் தமிழில் இன்னொரு பெயர் உண்டு, குச்சுப் பள்ளி. 1827-இல் அது வெறும் கூரைக் குடிசை, பெயர் இன்றும் அந்தக் குடிசையை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறது.

இவ்வளவு சொல்லிவிட்டு ஏன் சைக்கிள் வேண்டாம் என்கிறேன் என்றால், நான் சொன்ன எல்லா இடங்களும் ஒன்றுக்கொன்று சில நிமிட நடைத் தூரத்தில் இருக்கின்றன. ஏறி உட்கார்ந்து பத்து மிதி மிதிப்பதற்குள் அடுத்த இடம் வந்துவிடும், இறங்கிப் பூட்ட வேண்டும். கடைகளின் முன்னால் ஓடும் ஐந்தடி அகல நடைவழியில் சைக்கிள் ஓட்ட முடியாது, பகோடா ஸ்திரீட்டில் எப்போதும் கூட்டம். சவுத் பிரிட்ஜ் ரோட்டில் இறங்கினால் பஸ்களோடு ஓட்ட வேண்டும், அங்கே தலைக்கவசம் கட்டாயம். 2022 ஜனவரியிலிருந்து இன்னொரு விதி: சாலையில் ஒற்றை வரிசையில் போனால் ஒரு கூட்டத்தில் ஐந்து சைக்கிள்தான், இருவர் இருவராகப் போகக்கூடிய சாலையில் பத்து. பன்னிரண்டு பேர் கொண்ட சுற்றுலாக் குழு எப்படியும் உடைந்துதான் போகும், பின்னால் வருபவர்களுக்கு வழிகாட்டி பேசுவது கேட்காது. இங்கே சைக்கிள் சுற்றுக்குக் கொடுக்கும் காசில் பாதி, பூட்டுப் போடுவதற்கும் எடுப்பதற்கும்தான் போகிறது.

சரி, இரண்டாவது தடம். வழிகாட்டியும் சைக்கிளும் ஒன்றுக்கொன்று உதவுவது இங்கேதான். இடங்கள் ஒரு கிலோமீட்டர், ஒன்றரை கிலோமீட்டர் என்று தள்ளித் தள்ளி இருக்கின்றன. வெயிலில் நடந்தால் களைப்பு, பஸ்ஸில் போனால் நடுவில் இருப்பது எதுவும் கண்ணில் படாது. பென்கூலன் ஸ்திரீட்டில் 2017-இல் ஒரு பகுதியைச் சைக்கிளுக்கு ஒதுக்கித் தனிப் பாதை போட்டார்கள், அதனால் பிராஸ் பாசாவிலிருந்து வருவது சுலபம். வாட்டர்லூ ஸ்திரீட்டில் கோயில்கள் இருக்கும் பகுதியில் மட்டும் இறங்கித் தள்ளிக்கொண்டு போக வேண்டும், அதுவும் நல்லதுதான். அங்கே குவான் இம் தோங் ஹூட் சோ என்ற சீனக் கோயிலும் 1870-இல் தொடங்கிய ஸ்ரீ கிருஷ்ணன் கோயிலும் அடுத்தடுத்து இருக்கின்றன. ஒரு நாள் காலையில் பத்து நிமிடம் அந்தக் கிருஷ்ணன் கோயில் வாசலிலேயே நின்றேன். குவான் இம்மை வணங்கிவிட்டு வந்த ஒரு சீனப் பாட்டி, கையில் இருந்த ஊதுபத்திகளை நெற்றிக்கு நேராகத் தூக்கி மூன்று முறை தலை குனிந்தார், வாசலில் இருந்த பாத்திரத்தில் செருகினார், கைப்பையைத் தோளில் சரிசெய்துகொண்டு சந்தைக்குப் போய்விட்டார். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை, அங்கே அது தினசரி நடப்பது. அதே தெருவில் 1878-இல் கட்டிய மகாயின் அபோத் யூத ஆலயமும் இருக்கிறது, வெளியிலிருந்து பார்ப்பதோடு சரி.

அங்கிருந்து கம்போங் கிளாம். சுல்தான் பள்ளிவாசலின் தங்கக் குவிமாடத்தை எல்லோரும் படம் எடுப்பார்கள். குவிமாடத்துக்குக் கீழே கறுப்பாக ஒரு பட்டை ஓடுவதை மிகச் சிலரே கவனிப்பார்கள். அது கண்ணாடிப் புட்டிகளின் அடிப்பகுதி, வரிசை வரிசையாகப் பதித்தது. 1932-இல் முடிந்த இந்தக் கட்டடத்துக்கு, பணம் கொடுக்க முடியாத ஏழைகளும் தங்கள் பங்கைத் தரட்டும் என்று புட்டிகளை வாங்கிக்கொண்டார்கள். பெரிய பணக்காரர்களின் நன்கொடைக்குச் சமமாக, ஊர் முழுக்கத் தெரியும் உயரத்தில் அந்தப் புட்டிகள் நிற்கின்றன. இதைச் சொல்ல ஒருவர் பக்கத்தில் வேண்டும், தனியாகப் போனபோது நானே இரண்டு முறை கவனிக்காமல் வந்திருக்கிறேன்.

பீச் ரோட்டில் ஹாஜா ஃபாத்திமா பள்ளிவாசலும் அப்படித்தான். மலாக்காவில் பிறந்து வணிகத்தில் செழித்த ஒரு பெண்மணி 1840களில் கட்டிக் கொடுத்தது, கோபுரம் குவிமாடத்தின் பக்கம் சாய்ந்திருக்கும். நான் போன குழுவின் வழிகாட்டி ஒன்றும் பேசாமல் பூட்டுச் சாவியை அதன் கயிற்றோடு தொங்கவிட்டு, ஒரு கண்ணை மூடிக் கோபுரத்துக்கு நேராகப் பிடித்துப் பார்க்கச் சொன்னார். கொத்தனார் தூக்குக் குண்டு பிடிப்பதைப் போல. கயிறு நேராக நிற்க, கோபுரம் ஆறு பாகை அளவுக்கு விலகிப் போனது கண்ணுக்கே தெரிந்தது. அடியில் இருப்பது கடற்கரை மணல், ரோட்டின் பெயரே பீச் ரோடு, கடல்தான் இப்போது தூரப் போய்விட்டது என்று அப்புறம் சொன்னார். நல்ல வழிகாட்டியை எனக்கு அடையாளம் காட்டியது அந்தச் சாவிக் கயிறுதான்.

தேக்காப் பக்கம் நமக்குத் தெரிந்த இடம்தானே என்று தமிழர்கள் நினைப்பது வழக்கம். எனக்கும் அங்கே புதிதாகத் தெரிந்துகொண்டவை நிறைய. டன்லப் ஸ்திரீட்டில் அப்துல் கஃபூர் பள்ளிவாசலின் வாசலுக்கு மேலே சூரியனைப் போல ஓர் அலங்காரம் உண்டு, அதில் 25 கதிர்கள், ஒவ்வொன்றிலும் ஒரு நபியின் பெயர் அரபு எழுத்தில். பஃபலோ ரோடு, கெர்பாவ் ரோடு என்ற பெயர்கள் இந்த வட்டாரத்தில் எருமை மாடுகள் கட்டிக்கிடந்த காலத்தவை, கெர்பாவ் என்றால் மலாயில் எருமை. வீரமாகாளியம்மன் கோயிலைத் தாண்டி சிராங்கூன் ரோட்டில் மேலே போனால் ஸ்ரீநிவாசப் பெருமாள் கோயில், தைப்பூசக் காவடிகள் டேங்க் ரோடு முருகனை நோக்கிப் புறப்படுவது அங்கிருந்துதான். அதன் பின்பக்கம் ரேஸ் கோர்ஸ் ரோட்டில் தாய்லாந்துத் துறவி ஒருவர் 1927-இல் நிறுவிய புத்தர் கோயில், உள்ளே 15 மீட்டர் உயரப் புத்தர் உட்கார்ந்திருக்கிறார். எதிர்ச்சாரியில் லோங் சான் சீ சீனக் கோயில். இத்தனையும் ஒரு காலைப்பொழுதுக்குள் கால் நோகாமல் பார்க்க சைக்கிளை விட்டால் வழியில்லை.

வழிகாட்டி என்றால் யாரோடும் போய்விடலாம் என்று இல்லை. ஒரு முறை இதே தடத்தில் இன்னொரு குழுவோடு போய் நொந்துபோனேன். மூன்று மணி நேரத்தில் பன்னிரண்டு இடங்கள் என்று போட்டிருந்தார்கள், பன்னிரண்டையும் காட்டினார்கள், எல்லாம் வெளியே நின்று. ஒரு கோயிலுக்குள்ளும் காலடி வைக்கவில்லை. என்னோடு வந்திருந்த அத்தை கடைசியில், "ஏம்பா, சாமி கும்பிடவே விடலையே" என்றார். அதனால் பதிவு செய்வதற்கு முன் மூன்று கேள்வி கேளுங்கள். எத்தனை இடங்களில் உள்ளே கூட்டிப்போவீர்கள், ஒரு குழுவில் எத்தனை பேர், வழிகாட்டிக்குச் சுற்றுலா வாரியத்தின் உரிமம் உண்டா. முதல் கேள்விக்கு நேரான பதில் வராவிட்டால் வேறு ஆளைப் பாருங்கள்.

மூன்றாவது தடத்தில் ஓட்டுவதே சுகம். ஈஸ்ட் கோஸ்ட் பார்க்கில் நீளமான தனிப் பாதை, ஒரு பக்கம் கடல், குழந்தைகளும் ஓட்டலாம். அங்கிருந்து உள்ளே திரும்பினால் காத்தோங், ஜூ சியாட். கூன் செங் ரோட்டில் சீன, மலாய் மரபுகள் கலந்த பெரனாக்கான் சமூகத்தாரின் வீடுகள், பூப்போட்ட ஓடுகளும் வெளிர் நிறச் சுவர்களும். ஜூ சியாட் ரோட்டில் காலித் பள்ளிவாசல், ஈஸ்ட் கோஸ்ட் ரோட்டுப் பக்கம் ஹோலி ஃபேமிலி தேவாலயம். சிலோன் ரோட்டில் செண்பக விநாயகர் கோயில், இலங்கைத் தமிழர்கள் கட்டிக் காத்துவருவது. குளக்கரையில் செண்பக மரத்தடியில் பிள்ளையார் சிலை கிடைத்தது என்பது கோயில் வரலாறு, பெயரிலேயே மரம் இருக்கிறது. இங்கும் கடல் நகர்ந்துதான் போயிருக்கிறது. 1966-இல் நிலமீட்பு தொடங்குவதற்கு முன் காத்தோங் கடலோர ஊர், நீங்கள் சைக்கிள் ஓட்டும் பூங்கா அப்போது தண்ணீர். இந்த ஒரு விஷயத்தை மனத்தில் வைத்துக்கொண்டால் போதும், மற்றபடி இடங்கள் தாமாகவே பேசும், தெருக்களில் தகவல் பலகைகளும் உண்டு. காத்தோங் லக்சா (தேங்காய்ப்பால் நூடுல்ஸ்) கடையில் எவ்வளவு நேரம் உட்கார்ந்தாலும் யாரும் அவசரப்படுத்த மாட்டார்கள் என்பதும் தனியாகப் போவதில் ஒரு லாபம்.

தனியாகப் போகிறவர்கள் செயலியில் திறக்கும் பகிர்வு சைக்கிளை எடுப்பார்கள். ஒரே நீட்டாக ஓட்ட அது நல்லது. கோயில் கோயிலாக நிறுத்த அது தோதில்லை. ஒவ்வொரு பயணத்தையும் முடிக்கும்போது சைக்கிளுக்கென்று கோடு போட்ட இடத்தில் நிறுத்தி, அங்குள்ள கியூஆர் குறியீட்டை ஸ்கேன் செய்தாக வேண்டும், தவறினால் 5 வெள்ளி, அதாவது 5 சிங்கப்பூர் டாலர், பிடித்துவிடுவார்கள். இரண்டாவது தடத்துக்கு நான் வழிகாட்டியைச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம், நிறுத்துவது, பூட்டுவது, பார்த்துக்கொள்வது எல்லாம் அவர்கள் பொறுப்பு. நடைபாதையில் 10, சைக்கிள் பாதையில் 25 கிலோமீட்டர் வேகத்துக்கு மேல் போகக்கூடாது என்பது இருவருக்கும் பொது.

கயிறு கட்டும் ஷூ போட்டுக்கொண்டு வராதீர்கள். ஒவ்வொரு வாசலிலும் அவிழ்த்துக் கட்ட வேண்டும், ஆறு இடம் என்றால் ஆறு முறை. பின்னால் வார் வைத்த செருப்பு போதும், மிதிக்கும்போதும் கழலாது. முழங்கால் மறையும் உடுப்பு, பெண்களுக்குப் பையில் ஒரு துப்பட்டா. காலை ஏழரைக்கே கிளம்பிவிடுங்கள், நம் கோயில்களில் நண்பகலில் நடை சாத்தினால் மாலைதான் திறக்கும். வெள்ளிக்கிழமை மதியம் பள்ளிவாசல்களில் ஜும்ஆ தொழுகை, பார்வையாளர்கள் அந்த நேரத்தைத் தவிர்ப்பதுதான் மரியாதை. ஞாயிறு மாலை மட்டும் தேக்காவுக்குச் சைக்கிளே வேண்டாம். ஆறு நாள் உழைத்த தொழிலாளத் தம்பிகள் ஊருக்குப் பேசவும் கூட்டாளிகளைப் பார்க்கவும் அங்கே வந்து புல்தரை, நடைபாதை எல்லாம் நிறைந்திருப்பார்கள். அன்றைக்கு நடந்துதான் போக வேண்டும்.