சுண்ணாம்புச் சுவருக்கு ‘மூச்சுவிடும் பெயிண்ட்’: 68,500 ரூபாய் போச்சு, நீங்களாவது உஷாராக இருங்கள்

பழைய சுண்ணாம்புப் பூச்சு வீடு வைத்திருப்பவர்கள் இதை முழுதாகப் படியுங்கள். வயிறு எரிந்துபோய் எழுதுகிறேன். பெயிண்ட் வாங்கும் முன் என்னென்ன பார்க்க வேண்டும் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

காரைக்குடி பக்கம், எங்கள் ஐயா கட்டிய வீடு. செங்கல் சுவர், கடுக்காய்த் தண்ணீர் விட்டு அரைத்த சுண்ணாம்புப் பூச்சு. அஸ்திவாரத்தில் ஈரத்தைத் தடுக்கும் அடுக்கு கிடையாது. தரை ஈரம் சுவரில் ஏறும், பூச்சு வழியாகவே காய்ந்தும் போகும். பொங்கலுக்குப் பொங்கல் வெள்ளையடித்தே வந்ததால் சுவருக்கு ஒன்றும் ஆனதில்லை. இந்த முறை கொஞ்சம் நிறமாக இருக்கட்டும் என்று, வீட்டுக்கே வந்து பெயிண்ட் அடித்துத் தரும் ஒரு ஆப்பில் பதிவு செய்தோம். சுண்ணாம்புச் சுவருக்கென்றே, ஈரத்தை அடைக்காமல் வெளியே விடும் ‘மூச்சுவிடும் பெயிண்ட்’ இருப்பதாகத் தனியாகப் போட்டிருந்தார்கள்.

அளவெடுக்க வந்தவர் வந்ததும் டேப்பை எடுக்கவில்லை. உள்ளங்கையால் சுவரைத் தடவிப் பார்த்தார். கொஞ்சம் தண்ணீர் தெளித்தார், சுவர் உடனே இழுத்துக்கொண்டது. “பாத்தீங்களா மேடம், இது தண்ணி குடிக்கிற சுவரு. இதுல சாதா எமல்ஷன், அதான் பிளாஸ்டிக் பெயிண்ட், அடிச்சா ஈரம் உள்ளயே அடைபட்டு, உப்பு பூத்து, பூச்சையே தள்ளிரும். நாங்க தர்றது சுத்தமான சுண்ணாம்பு பெயிண்ட்” என்றார். சுவரைப் பற்றிச் சொன்னதில் ஒரு வார்த்தை தப்பில்லை. அதனால்தான் நம்பினோம். அம்மா அவருக்கு மோர் கொண்டுவந்து கொடுத்தார். முழுப் பணமும் கட்டினால் தள்ளுபடி என்றார், அங்கேயே 68,500 ரூபாயையும் கட்டினோம்.

வேலைக்கு வந்தவர்கள் வேறு ஆட்கள். பெயிண்ட் வந்தது லேபிள் இல்லாத வாளியில். கேட்டதற்கு, கம்பெனியிலேயே கலந்து அனுப்புகிறார்களாம். அடித்து முடித்தபோது பார்க்க அழகாகத்தான் இருந்தது.

ஐப்பசி மழை பிடித்ததும் முழங்கால் உயரத்துக்குச் சுவரெல்லாம் கொப்புளம். ஒன்றை நகத்தால் கிள்ளினேன், பால் ஆடை மாதிரி ஒரே தோலாக உரிந்து வந்தது. பின்பக்கம் வெள்ளை உப்பு, அதோடு ஒட்டிக்கொண்டு ஐயா காலத்துப் பூச்சும் பெயர்ந்து வந்துவிட்டது. எங்கள் பழைய கொத்தனாரைக் கூப்பிட்டுக் காட்டினேன். அந்தத் தோலைக் கையில் இழுத்தார், ரப்பராக நீண்டது. தீக்குச்சி கிழித்து வைத்தார், சுருண்டு கருகி பிளாஸ்டிக் வாடை அடித்தது. “சுண்ணாம்பு எங்கயாவது எரியுமா ஆத்தா?” என்றார்.

எந்த எமல்ஷனை அடிக்கக் கூடாது என்று அந்த ஆள் சொன்னாரோ, அதையேதான் அடித்துவிட்டுப் போயிருக்கிறார்கள்.

ஆப்பில் புகார் போட்டால் ‘48 மணி நேரத்தில் தொடர்பு கொள்வோம்’ என்று மெசேஜ் வரும், அதோடு சரி. போன் செய்தால் ஒரு பெண், “ஈரம் உங்க சுவர்ல இருக்கு மேடம், பெயிண்ட்ல இல்ல” என்கிறார். ஈரமான சுவருக்குத்தானே இந்தப் பெயிண்ட் என்று விற்றீர்கள் என்றால், “நீர்க்கசிவுக்கு வாரண்டி கிடையாது” என்று வைத்துவிடுகிறார். அளவெடுக்க வந்தவர் வாட்ஸ்அப்பில் நீல டிக் விழும்படி படித்துவிட்டுப் பேசாமல் இருக்கிறார். 68,500 ரூபாய்! அதுபோக இப்போது அந்தத் தோலைச் சுரண்டி எடுத்து, பெயர்ந்த இடத்தில் திரும்பச் சுண்ணாம்பே பூச வேண்டும். அந்தக் கூலி தனி.

நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் பதிந்திருக்கிறேன். அவர்களுக்கு அனுப்ப பில், போட்டோ எல்லாம் எடுத்துவைக்க வேண்டியிருப்பதால் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

சுண்ணாம்பு, மண் பூச்சுக்கு அக்ரிலிக் எமல்ஷன், அக்ரிலிக் பிரைமர் எதுவும் வேண்டாம். நீர்க்கச் சுண்ணாம்பைக் கரைத்து, சுவரை நனைத்துவிட்டு, மெல்லிசாக இரண்டு மூன்று கை அடிப்பதே போதும். கலர் வேண்டுமென்றால் காவி மாதிரி மண் நிறப்பொடி கலந்துகொள்ளலாம். கடையில்தான் வாங்குவேன் என்றால் சீல் உடைக்காத டப்பாவை உங்கள் கண் முன்னால் திறக்கச் சொல்லுங்கள், பில்லில் பெயிண்டின் முழுப் பெயரும் இருக்கட்டும். பழைய பிளாஸ்டிக் கவரில் ஒரு கை அடித்துக் காயவைத்துப் பாருங்கள், தோலாக உரிந்தால் திருப்பி அனுப்பிவிடுங்கள். முழுப் பணத்தை முன்னாடியே கட்டவே கட்டாதீர்கள்.