டாலஸ் கவ்பாய்ஸ்: டர்னரா, ஸாம்பீஸியா?

அமெரிக்கக் கால்பந்து அணியான டாலஸ் கவ்பாய்ஸின் தாக்குதல் ஆட்டத்தை 1990களில் வகுத்த பயிற்சியாளர்கள் நார்வ் டர்னர், எர்னி ஸாம்பீஸி இருவரில் யார் சிறந்தவர் என்று கேட்டால், என் தேர்வு டர்னர்தான். 1990இல் லீகிலேயே கடைசி இடத்தில் கிடந்த தாக்குதல் ஆட்டத்தை மறு ஆண்டே கையிலெடுத்து நிமிர்த்தியவர் அவர். பந்தைப் பிடிக்கும் வீரர் மைக்கேல் இர்வின் ஓடிக்கொண்டிருப்பார். அவர் திரும்பிப் பார்க்கும் முன்பே பந்தை வீசும் குவார்ட்டர்பேக் ட்ராய் எய்க்மேனின் கையிலிருந்து பந்து புறப்பட்டுவிடும். திரும்பினால் நெஞ்சுக்கு நேரே வந்து நிற்கும்! அந்தத் துல்லியம்தான் 1992, 1993 பருவங்களில் அடுத்தடுத்து இரண்டு சூப்பர் பவுல்களை (லீகின் இறுதிப் போட்டிகளை) வென்று தந்தது. முதலாவதில் பஃபலோ அணியை 52-17 என நொறுக்கினார்கள். எய்க்மேன் நான்கு டச்டவுன் பாஸ்கள் (எதிரணியின் எல்லைக் கோட்டைத் தாண்டிப் புள்ளி எடுத்துத் தந்த வீச்சுகள்) வீசினார்.

1994இல் வந்த எர்னி ஸாம்பீஸி, டர்னருக்கே இந்த வித்தையைச் சொல்லித்தந்த குரு. ஆகவே பாணி மாறவில்லை. ஆனால் தயாரான அணி அவருக்குக் கிடைத்தது. முதல் ஆண்டு சான் பிரான்சிஸ்கோவிடம் தோல்வி. 1995இல் எம்மிட் ஸ்மித் பந்தோடு ஓடியே 25 டச்டவுன்கள் எடுக்க, சூப்பர் பவுலில் பிட்ஸ்பர்கை 27-17 என வென்றார்கள்.