ஜஹேராவா, சனாதோம்பியா?

கூடாத காதலைச் சொல்லும் இரண்டு மணிப்பூரி நாவல்களில் எதைப் படிப்பது? மணிப்பூரின் பெரும்பான்மை மக்களான மெய்தேய்களின் வீடுகளில் காதலர்கள் ஓடிப்போவது அவ்வளவு பெரிய கலகம் இல்லை. ‘சென்பா’ என்று அதற்கே ஒரு வழக்கம் உண்டு. பையன் பெண்ணைக் கூட்டிப்போவான், அவன் வீட்டார் போய்ப் பெண் வீட்டில் தகவல் சொல்வார்கள், பெண்ணைப் பெற்றவர்கள் மனமிறங்கினால் முறையாக ஏற்றுக்கொள்வார்கள். இப்படிப்பட்ட ஊரில் கூடாத காதலை எழுத வேண்டுமானால் நாவலாசிரியருக்கு இதைவிடப் பெரிய தடை வேண்டும்.

ஹிஜாம் அங்காங்ஹால் சிங் ‘ஜஹேரா’ நாவலில் மதத்தை எடுத்துக்கொண்டார். மெய்தேய் இந்து இளைஞன், முஸ்லிம் பெண். மணிப்பூரை ஆண்ட சூராசாந்த் மகாராஜா காலத்தில் பிராமணர்களின் அவையான பிரம்ம சபை பிடிக்காதவர்களைத் தீட்டுப்பட்டவர்கள் என்று தள்ளிவைத்ததையும் சேர்த்துப் பார்த்தால், 1943இல் மறைந்த ஒருவர் இந்தக் கதையைத் தொட்டதே துணிச்சல்தான். ஆனால் இங்கே தடை முழுக்க வெளியில் நிற்கிறது. காதலர்கள் பக்கம் ஒரு தப்பும் இல்லை. நமக்கும் யார் பக்கம் நிற்பது என்று யோசிக்க வேலையில்லை.

எம்.கே. பினோதினியின் ‘போரோ சாஹேப் ஓங்பி சனாதோம்பி’யில் (1976) அந்த வசதி கிடையாது. சனாதோம்பி, சூராசாந்துக்கு முன் ஆண்ட சூர்சந்திர மகாராஜாவின் மகள், ஏற்கெனவே மணமானவள். அவள் சேர்ந்து வாழ்ந்தது மேக்ஸ்வெல்லுடன். 1891 போரில் தோற்று, இளவரசர் திகேந்திரஜித்தைத் தூக்குக்குக் கொடுத்த மணிப்பூருக்கு வெள்ளையர் தங்கள் பிரதிநிதியாக அனுப்பிய பொலிடிகல் ஏஜென்ட் அவர். 1904இல் ஆண்களைக் கட்டாய வேலைக்குப் போகச் சொல்லி, சந்தைப் பெண்களைப் போராடத் தெருவுக்கு இழுத்த உத்தரவும் அவருடையதே. இந்த ஆளை எப்படிக் காதலனாகப் பார்ப்பது? பினோதினி சூராசாந்தின் மகள், அதாவது வெள்ளையர் அரியணையில் அமர்த்திய அரசரின் மகள். அதனால்தானோ என்னவோ, தீர்ப்புச் சொல்ல அவர் அவசரப்படுவதில்லை. 1979இல் சாகித்ய அகாதமி விருதும் கிடைத்தது.

குடும்பக் கதைதான் வேண்டும், அரண்மனை வேண்டாம் என்பவர்களுக்கு அவரே திரைக்கதை எழுதி, அரிபம் சியாம் சர்மா இயக்கிய ‘இமாகி நிங்தெம்’ (1981) படம் இருக்கிறது. கணவனுக்கு வேறொருத்தியிடம் பிறந்த, தாயில்லாத பிள்ளையை மனைவி வீட்டுக்குக் கொண்டுவந்து வளர்க்கிறாள்.

ஒன்றுதான் படிக்க நேரம் என்றால் என் ஓட்டு சனாதோம்பிக்கு. எல். சோமி ராய் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு 2020இல் வந்தது.