ஜாவர் சீதாராமனுக்காக வாங்கிய டிவிடி

சேலம் பழைய பேருந்து நிலையத்துக்கு அருகே ஒரு சந்தில் உள்ள டிவிடி கடையில், 'அந்த நாள்', 'ஆலயமணி', 'பட்டணத்தில் பூதம்' ஆகிய மூன்றும் அடங்கிய வட்டு ஒன்றை 80 ரூபாய்க்கு வாங்கினேன். உறையில் சிவாஜியும் ஜெய்சங்கரும் இருக்கிறார்கள். நான் தேடிப் போனது நடிகரும் வசனகர்த்தாவுமான ஜாவர் சீதாராமனை. பழைய படம் என்றதுமே கடைக்காரர், இவ்வூர் வழக்கப்படி, சேலத்துப் பட நிறுவனமான மாடர்ன் தியேட்டர்ஸின் 'மந்திரி குமாரி'யைத்தான் எடுத்து நீட்டினார். பெயரைச் சொன்னபோது விழித்தவர், ஜீபூம்பா பூதமாக வந்தவர் என்றதும் சிரித்துக்கொண்டே உள்ளே போய் இவ்வட்டைக் கொண்டுவந்து, ஓட்டிக் காட்டியே கொடுத்தார்.

1950இல் வெளிவந்த 'ஏழை படும் பாடு' படத்தில் ஜாவர் என்னும் காவல் அதிகாரியாக நடித்ததால் அப்பெயர் சீதாராமனோடு ஒட்டிக்கொண்டது. எனினும் அவரை முழுமையாக அறிய 1954இல் எஸ். பாலசந்தர் இயக்கிய, பாடலே இல்லாத 'அந்த நாள்' படத்தைத்தான் பார்க்க வேண்டும். ஜப்பானியர் சென்னையில் குண்டு வீசிய 1943ஆம் ஆண்டுப் பின்னணியில், சுடப்பட்டு இறந்துகிடக்கும் ரேடியோ பொறியாளரைப் பற்றி ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்லும் அக்கதைக்குத் திரைக்கதையும் வசனமும் எழுதிய சீதாராமன், தமக்கென எடுத்துக்கொண்டது பெரும்பாலும் பிறர் பேசுவதைக் கேட்டுக்கொண்டிருக்கும் துப்பறியும் அதிகாரி வேடம். தாம் எழுதிய வசனத்தைப் பிறர் பேசும்போது புருவத்தை மட்டும் சற்றே உயர்த்தி அவர் நிற்பதைக் காணவே இவ்வட்டை வாங்கலாம். இப்படத்தின் கறுப்பு வெள்ளை அச்சு நிழல்கள் கலையாமல் தெளிவாகவே இருக்கிறது. 'பட்டணத்தில் பூதம்' அப்படியில்லை. வண்ணம் வெளிறி, பூதத்தின் உருட்டும் விழிகள்கூட மங்கித் தெரிகின்றன.

என் முதன்மையான குறை வேறு. வட்டைத் தயாரித்தவர்கள், இடத்தை மிச்சப்படுத்தவோ என்னவோ, மூன்று படங்களிலும் எழுத்துப் போடும் பகுதியை வெட்டி, அங்கே தங்கள் முத்திரையைச் செருகியிருக்கிறார்கள். நடிகருக்கு இதனால் இழப்பில்லை, முகம் இருக்கிறது. வசனம் எழுதியவருக்கோ அந்தச் சில நொடிகளே திரையில் உள்ள இடம். 'ஆலயமணி'யின் வசனம் அவருடையது என்பதை இவ்வட்டைப் பார்க்கும் புதியவர் அறிய வழியே இல்லை.

மறுவாரம் சென்று சொன்னபோது கடைக்காரர் பணத்தைத் திருப்பித் தர முன்வந்தார். 'அந்த நாள்' படத்துக்காக நான் வட்டை வைத்துக்கொண்டேன்; எழுத்து வெட்டப்படாத பிரதி வந்தால் அழைப்பதாகக் கூறி, என் எண்ணை உறையொன்றின் பின்புறம் குறித்துக்கொண்டார்.