தம்பியின் முதுகுத்தண்டு நீரும் விட்டுப்போன ஒரு சர்க்கரை அளவும்

இந்தத் தடவை சிங்கப்பூர் போனபோது தேக்காவில் என்ன சாப்பிட்டேன், சாங்கி விமான நிலையத்தில் எத்தனை சீக்கிரம் வெளியே வந்தேன் என்றெல்லாம் எழுதப் போவதில்லை. அதெல்லாம் எப்போதும்போல நன்றாகவே இருந்தது. எழுத இருப்பது ஒரு சர்க்கரை அளவைப் பற்றி. இன்னும் எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை.

தம்பிக்குக் காய்ச்சல். எங்கள் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே இருக்கும் கிளினிக்கில் காட்டி, அங்கேயே மருந்துப் பையையும் வாங்கிக்கொண்டு மேலே வந்துவிட்டான். நம் ஊர் சுகம் இது. நான் இருக்கும் இங்கிலாந்தின் லீட்ஸில் காலை எட்டு மணிக்கே போனும் கையுமாகக் காத்திருந்தால்தான் டாக்டர் கிடைப்பார். மருந்துக்கு வேறு கடைக்குப் போகணும். பையில் ஆன்டிபயாட்டிக்கும் இருந்தது. இதை நினைவில் வையுங்கள், பின்னால் வரும்.

மறுநாள் ராத்திரி தலை பிளக்கிறது என்றான். லைட்டைப் போட்டால் கத்தினான். தாடையை நெஞ்சுக்குக் கொண்டுவரச் சொன்னேன், கழுத்து வளையவே இல்லை. சர்க்கரைக்காரன் வேறு. டாக்சியைப் பிடித்து அவசர சிகிச்சைப் பிரிவுக்கு ஓடினோம். எந்த ஆஸ்பத்திரி என்பது வேண்டாம்.

அங்கே வேகத்துக்குக் குறைவில்லை. ரத்தம் எடுத்த கையோடு செஃப்ட்ரையாக்சோன், வான்கோமைசின் என்ற இரண்டு ஆன்டிபயாட்டிக்குகளும் ஏற ஆரம்பித்தன. மூளைக்காய்ச்சல் என்று சந்தேகம் வந்தால் மருந்துக்குக் காத்திருக்கக் கூடாது, அது சரி. தூக்கக் கலக்கமாக இருந்ததால் முதலில் தலைக்கு ஸ்கேன். சலுகைக் கட்டண வார்டுகளில் பி2 வார்டா சி வார்டா, மருத்துவச் சேமிப்புக் கணக்கான மெடிசேவில் எவ்வளவு இருக்கிறது என்று கேட்கவும் ஆள் வந்தாச்சு.

அப்புறம் முதுகில் ஊசி போட்டு, மூளையையும் தண்டுவடத்தையும் சுற்றியிருக்கும் நீரை எடுக்கணும் என்றார்கள். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "வேண்டாம்னு சொல்லுடி, இடுப்புக்குக் கீழ விளங்காமப் போயிடும்." மலேசியாவின் ஜொகூரிலிருந்து வந்து வேலை பார்க்கும் ஒரு தாதி, சின்னப் பெண், அம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். "பெரியவங்களுக்குத் தண்டுவடம் இடுப்புக்கு மேலயே முடிஞ்சிடும்மா. ஊசி அதுக்குக் கீழ போகுது. அங்க வெறும் நரம்பும் தண்ணியும்தான், ஊசி பட்டா நரம்பு ஒதுங்கிக்கும்." லீட்ஸில் இதையே துண்டுப்பிரசுரமாகக் கையில் திணித்திருப்பார்கள். அம்மா கையெழுத்துக்குத் தலையாட்டினார்.

அவனை இறால் மாதிரிச் சுருட்டிப் படுக்கவைத்தார்கள். நான் திரைக்கு இந்தப் பக்கம். நீரின் அழுத்தம் 28 சென்டிமீட்டர் என்று உள்ளே யாரோ சொன்னது கேட்டது. 25 தாண்டினாலே அதிகம். கொஞ்ச நேரத்தில் தட்டில் நான்கு குழாய்கள் வெளியே வந்தன. பளிச்சென்று இருக்கவேண்டிய நீர் லேசாக மங்கியிருந்தது.

நான் லீட்ஸில் ஆஸ்பத்திரி ஆய்வகத்தில் வேலை பார்க்கிறேன். இந்த நீர் வருகிறது என்று போன் வந்தால் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு எழுவோம். வைத்திருந்தால் அணுக்கள் சிதைந்துபோகும். அதனால் காத்திருந்த நேரம் முழுக்க எனக்கு நாற்காலி கொள்ளவில்லை.

முடிவோடு ஓர் இளம் டாக்டர் வந்தார். வெள்ளணுக்கள் 240, சாதாரணமாக ஐந்துக்கு மேல் இருக்காது. பாக்டீரியா என்றால் பெரும்பாலும் கூடும் நியூட்ரோஃபில் பாதி, வைரஸ் என்றால் கூடும் லிம்போசைட் பாதி. புரதம் லிட்டருக்கு 1.1 கிராம், அதுவும் அதிகம். பாக்டீரியாவை நுண்ணோக்கியில் காட்டும் கிராம் சாயத்தில் கிருமி எதுவும் தெரியவில்லை. "சர்க்கரை 4.9, நார்மல்தான். வைரஸா இருக்கலாம்" என்றார். (இங்கே சர்க்கரை எல்லாம் லிட்டருக்கு மில்லிமோல் கணக்கு.)

"கூடவே எடுத்த ரத்தச் சர்க்கரை எவ்வளவு டாக்டர்?" என்றேன்.

கணினித் திரையை மேலும் கீழும் நகர்த்தினார். இல்லை. யாரும் அனுப்பவில்லை.

இதற்குத்தான் இத்தனை எழுத்து. முதுகுத்தண்டு நீரில் சர்க்கரை என்பது தனியாக ஒரு எண் இல்லை. ரத்தத்தில் இருப்பதில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு அதில் இருக்கணும். பாக்டீரியா புகுந்தால் அது குறையும், வைரஸ் என்றால் பெரும்பாலும் குறையாது. ரத்தத்தில் ஆறு இருப்பவருக்கு 4.9 என்றால் கவலையில்லை. சர்க்கரைக்காரனுக்கு அதே 4.9 எதையும் சொல்லாது. அணுக்கள் பாதிக்குப் பாதி இருந்ததற்கும், சாயத்தில் ஒன்றும் தெரியாததற்கும் கிளினிக் மாத்திரையே காரணமாக இருக்கலாம். அப்படியிருக்க, மிச்சமிருந்த ஒரே துப்பை விட்டுவிட்டார்கள். காப்பிக்கடையில் தட்டைத் திருப்பி வைக்கவில்லை என்றால் அபராதம் போடும் ஊரில்!

அந்த ஜொகூர் பெண்தான் காப்பாற்றினாள். ஊசி போடுவதற்குக் கொஞ்சம் முன்னால் விரலில் குத்திப் பார்த்து எழுதிவைத்திருந்தாள்: 15.2. விரல்நுனி அளவு ஆய்வக அளவுக்கு ஈடாகாதுதான். இருந்தாலும் வகுத்துப் பாருங்கள், மூன்றில் ஒரு பங்குகூட வரவில்லை. இளம் டாக்டரின் முகம் மாறியது. பெரிய டாக்டருக்குப் போன் போனது.

நியாயமாகச் சொல்லணும் என்றால், ஆன்டிபயாட்டிக்கை அவர்கள் ஒரு வேளைகூட நிறுத்தவில்லை. பிசிஆர் முடிவும் அன்றைக்கே வந்தது: குரூப் பி ஸ்ட்ரெப்டோகாக்கஸ். வளர்ப்புச் சோதனையில் கடைசிவரை ஒன்றும் வளரவில்லை. பிசிஆர் மரபணுவைத் தேடுவதால் மருந்தில் செத்த கிருமியையும் பிடித்துவிடும்.

அந்தப் பெயரைக் கேட்டதும் வருகிறவர் போகிறவர் எல்லாரும் ஒரே கேள்வி: பச்சை மீன் சாப்பிட்டாரா? 2015 உங்களுக்கு நினைவிருக்கும். கஞ்சியோடு வைக்கும் பச்சை மீன் துண்டுகளால் பலருக்கு இதே கிருமி தொற்றி, அந்த வருஷக் கடைசியில் நன்னீர் மீனைப் பச்சையாகப் பரிமாறக் கூடாது என்று தடை வந்தது. அம்மாவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "நல்லாப் பொரிச்ச வஞ்சிரத்தையே முள்ளு இருக்குன்னு ஒதுக்கறவன்யா இவன்!" சர்க்கரை நோய் இருந்தாலே இந்தக் கிருமிக்கு வழி சுலபம் என்று பெரிய டாக்டர் பொறுமையாகச் சொன்ன பிறகுதான் அடங்கினார்.

பென்சிலினுக்கு மாற்றி இரண்டு வாரம் ஏற்றினார்கள். தம்பி இப்போது வேலைக்குப் போகிறான். அந்த இளம் டாக்டர் ரொம்பத் தங்கமான பிள்ளை என்று அம்மா புளோக் முழுக்கச் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

வீட்டுக்கு வந்ததும் ஆஸ்பத்திரியிலிருந்து கருத்துப் படிவம் வந்தது. சாப்பாட்டுக்கு எத்தனை நட்சத்திரம், கழிவறைக்கு எத்தனை நட்சத்திரம் என்று கேட்டிருந்தார்கள். சாப்பாட்டுக்கு நான்கு போட்டேன். மற்றதை எழுதக் கடைசியில் ஒரு கட்டம் இருந்தது. முக்கால்வாசி எழுதுவதற்குள் எழுத்து வரம்பு முடிந்துவிட்டது.